பவளம் வண்டி ஏறமாட்டேங்குது

தம்பி, அந்த ஜன்னலோரத்தைக் கொஞ்சம் விட்டுக் குடுக்குறீங்களா? கோவிச்சுக்காதீங்க. வயசானவன்னு சலுகை கேக்கல, எனக்கு இப்படி உட்காந்து வந்து பழக்கமில்ல, அதான். வண்டியில ஏறுனா டிரைவர் சீட்டு, இல்லேன்னா ஏறுறதில்ல. அப்படியே வாழ்ந்துட்டேன். கிளம்புறப்ப என் சம்சாரம் லூர்து ஒரு எலுமிச்சம்பழத்தை எடுத்து சட்டைப் பையில போட்டா. எதுக்குடின்னேன். மோந்து பாத்துக்கங்க, உங்களுக்கு பஸ்ஸு சேருமோ சேராதோன்னா. முப்பது வருஷம் மலையில லாரி ஓட்டுனவனுக்கு எலுமிச்சம்பழம். சரி, கெடந்துட்டுப் போகுதுன்னு வச்சிருக்கேன்.

நீங்களும் தாண்டிக்குடிக்கா? நல்லதாப் போச்சு, பேச்சுத் துணைக்கு ஆச்சு.

டிரைவரைப் பத்தி நீங்க கவலையே படவேண்டாம். நம்ம பயதான். காசிமாயன்னு பேரு. என் லாரியில கிளீனரா இருந்து, என்கிட்டதான் ஸ்டீயரிங் பிடிக்கப் பழகுனான். கவனிச்சுப் பாருங்க, வளைவு வருதேன்னு முன்கூட்டியே வேகத்தைக் குறைக்கமாட்டான். நேரா கிட்டக்கப் போயி பிரேக்குல ஒரே மிதி, ஒரே ஒடி, மறுபடியும் ஒரே அழுத்து. அப்படியே என் கை. வண்டிக்கு நாம பயப்படக்கூடாதுடா, வண்டிதான் நமக்குப் பயப்படணும்னு சொல்லிச் சொல்லி வளத்தேன். பிடிச்சுக்கங்க. கம்பியைப் பிடிச்சுக்கங்க.

ஏன் பஸ்ஸுல போறேன்னு நீங்க கேக்கல. கேக்கலேன்னாலும் சொல்றேன். இதை மனசுல வச்சுக்கிட்டே மலையேற முடியாது போல இருக்கு.

என் மருமக ஜீப்பு ஓட்டிக்கிட்டு வர்றா. நமக்கு முன்னாடியே கிளம்பிட்டா, இந்த ரோட்டுலதான் எங்கயாவது ஊந்துக்கிட்டு இருப்பா. ஜீப்புக்குப் பின்னாடி டிரெய்லரு. டிரெய்லருக்குள்ள எங்க குதிரை. அந்த ஜீப்பு நான் ஓட்ட வேண்டியது தம்பி. நேத்து வரைக்கும் நான் ஓட்டுனது.

மொதல்ல இருந்து சொல்றேன். என் மகன் அமல்ராஜ் பெங்களூர்ல ஒரு ஓட்டல்ல வேலையா இருந்தான். அதை விட்டுட்டு வந்து, மேல தாண்டிக்குடியில ஒரு காபி எஸ்டேட்டுல இடம் பேசி, ஊர்க்காரங்களைக் குதிரையில ஏத்திக் காட்டுப்பாதையில கூட்டிட்டுப் போற தொழில் ஆரம்பிச்சான். சனி ஞாயிறு ஆனா மெட்ராஸ்ல இருந்தெல்லாம் வர்றாங்க. அங்க நிக்கிற குதிரையெல்லாம் கொடைக்கானல்காரங்களுது, வாடகைக்கு. எங்க சொந்தக் குதிரை ஒண்ணே ஒண்ணுதான். பவளம். பொட்டைக் குதிரை, செவலை நிறம். வத்தலக்குண்டுல எங்க வீட்டை ஒட்டித்தான் அதுக்குக் கொட்டகை. வாரக்கடைசியில மேல கொண்டு போறது, முடிஞ்சதும் கீழ கொண்டு வர்றது. அதுதான் என் வேலை.

அந்த ஒத்தைக் குதிரை இல்லாட்டி என்னன்னு கேப்பீங்க. குதிரை ஏறிப் பழகாதவங்க வர்றாங்கல்ல, பிள்ளைங்க, பொம்பளைங்க, என்னை மாதிரி தொந்தி போட்டவங்க, அவங்களை மொதல்ல பவளத்து மேலதான் ஏத்தணும். அம்புட்டுப் பொறுமை. கொடைக்கானல் குதிரைங்க தட்டிவிட்டா ஓடும். இது நீங்க மேல ஏறி சரியா உட்காந்துட்டீங்களான்னு நின்னு பாத்துட்டுத்தான் காலெடுத்து வைக்கும். அந்தியூர் சந்தையில நான் பாத்துப் பிடிச்ச குதிரை தம்பி. சுழியெல்லாம் பாத்து, பல்லைப் பாத்து, குளம்பைத் தட்டிப் பாத்து எடுத்தேன். அத்தனை கூட்டத்துல என் கையை மோந்து பாத்துட்டு, பின்னாடியே வந்துச்சு. அன்னியில இருந்து காலையில என் கையால ஒரு துண்டு கருப்பட்டி தின்னாத்தான் அதுக்குப் பொழுது விடியும். எனக்கும் அப்படித்தான்.

ஸ்... இந்த சீட்டு ஏன் இப்படி ஆடுது? போல்ட்டு கழண்டிருக்கும். டெப்போவுல எவன் பாக்குறான்.

டிரெய்லருன்னா, ஜீப்புக்குப் பின்னாடி கொக்கி போட்டு இழுத்துட்டுப் போற பெட்டி. கோயம்புத்தூர்ல ஒரு பட்டறையில சொல்லிச் செஞ்சது. கீழ ரப்பர் பாய், நெஞ்சுக்குக் குறுக்க ஒரு கம்பி, ரெண்டு பக்கமும் மெத்தை, தலைக்கு நேரா ஒரு ஜன்னல், வைக்கோல் போட வலைப்பை. பின்கதவைச் சாய்ச்சா அதுவே ஏறுறதுக்குப் பலகை. சொகுசுன்னா சொகுசு. அதுக்குள்ள நின்னுக்கிட்டு மலையேற இதுக்கு என்ன கேடு வந்துச்சு, சொல்லுங்க.

நான் முப்பது வருஷமா ஜல்லி ஏத்துனவன். ஒரு கல்லாவது என்னைக் குறை சொல்லியிருக்குமா?

மொதல்ல ரெண்டு மூணு நடை நல்லாத்தான் ஏறுச்சு. அப்புறம் மேல போயி இறக்குறப்ப பாத்தா தெப்பமா நனைஞ்சிருக்கும். காதுக்குப் பின்னாடி கையை வச்சா சொதசொதன்னு இருக்கும். பவளத்துக்கு அங்கதான் மொதல்ல வேர்க்கும். வலைப்பையில போட்ட வைக்கோல் போட்டபடி இருக்கும். ஒரு வாய் தின்னிருக்காது. மகன் கேக்குறான், ஏம்ப்பா இப்படி வேர்க்குதுன்னு. குதிரைன்னா வேர்க்கத்தான்டா செய்யும்னேன். ஓடி வந்தாத்தானேப்பா வேர்க்கும், இது நின்னுக்கிட்டுத்தானே வந்துச்சுங்கிறான். இதெல்லாம் ஒரு கேள்வியா? 

அப்புறம் ஏறுறப்பவே தகராறு பண்ண ஆரம்பிச்சுச்சு. பலகையில முன்னங்காலை வைக்கும், எடுத்துரும். வைக்கும், எடுத்துரும். உள்ள தடுமாறுதோ என்னமோன்னு கயித்தைக் குட்டையாப் பிடிச்சுக் கட்டுனேன், தலையை அசைக்க முடியாதபடிக்கு. விழுந்துறக் கூடாதுல்ல. நல்லதுக்குத்தானே செஞ்சேன். அதுக்கப்புறம் இன்னும் மோசம்.

ஒரு நாளு, இந்த ரோட்டுலதான், மேல ஒரு வளைவுல டீக்கடை வரும், பஸ்ஸும் அங்க நிக்கும், பாப்பீங்க. அங்க நிறுத்தி, தண்ணி காட்டலாம்னு கீழ இறக்குனேன். தண்ணி குடிச்சுச்சு. திரும்ப ஏறுன்னா ஏறமாட்டேன்னுருச்சு. முன்னாடி இருந்து நான் இழுக்குறேன், பின்னாடி இருந்து டீக்கடைக்காரர் தள்ளுறாரு. இடுப்புக்குப் பின்னாடி கயிறு குடுத்து ரெண்டு பேரு இழுத்தாங்க. கருப்பட்டியைக் காட்டுனேன். துண்டை எடுத்துக் கண்ணைக் கட்டுனேன். ஒருத்தரு வெளக்குமாத்தால தட்டுனாரு, அவரை வஞ்சுட்டேன். நாலு காலையும் ஊணிக்கிட்டு நிக்கிது. நின்னுக்கிட்டு என்னைப் பாக்குது. அந்தப் பார்வையை இன்னைக்கி வரைக்கும் என்னால மறக்க முடியல. முகத்துல அடிச்ச மாதிரி இருந்துச்சு எனக்கு.

கடைசியில ஜீப்பை அங்கயே போட்டுட்டு நடத்திக் கூட்டிட்டுப் போனேன். மிச்சம் இருந்த மலை பூராவும் நடை. என் முட்டிக்காலு கெட்ட கேட்டுக்கு. நடக்குறப்ப ஒரு முரண்டு கிடையாது தம்பி. என் தோள்ல மூக்கை வச்சுக்கிட்டு, மூச்சு விட்டுக்கிட்டு, சமத்தா வந்துச்சு. அதுதான் எனக்கு ஆத்திரம். என்கூட நடக்க வருமாம், என் வண்டியில மட்டும் ஏறாதாம்.

நாங்க போய்ச் சேர்றதுக்குள்ள வந்தவங்க பாத்துப் பாத்துத் திரும்பிப் போயிட்டாங்க. அமல்ராஜ் சத்தம் போடல. சத்தம் போட்டிருந்தாலும் தேவலை. வண்டி ஏறாத குதிரையை வச்சுக்கிட்டு நான் எப்படிப்பா தொழில் பண்றது, ஒட்டன்சத்திரத்து யாவாரியைக் கூப்பிட்டுக் காட்டிருவோம்னு மெதுவாச் சொன்னான். அந்த யாவாரி வாங்கிட்டுப் போற குதிரை கல்யாண ஊர்வலத்துக்கு வெடிச் சத்தத்துல நிக்கும், இல்ல செங்கச் சூளையில இழுக்கும். எனக்கு அன்னைக்குச் சோறு இறங்கல. பெத்த பிள்ளையைப் பத்திப் பேசுன மாதிரி இருந்துச்சு.

கொஞ்சம் தண்ணி குடுங்க தம்பி. காலையில வடை தின்னேன், எண்ணெய் சரியில்ல போல. நெஞ்சைக் கரிக்குது.

விட்டேனா நான்? பாக்காத வைத்தியம் இல்ல. செவ்வாய்க்கிழமை அந்தோணியார் கோயிலுக்குக் கூட்டிட்டுப் போயி மந்திரிச்சேன். பங்குச் சாமியாரைக் கூப்பிட்டு டிரெய்லருக்குத் தீர்த்தம் தெளிக்கச் சொன்னேன். தெளிச்சப்ப குதிரை தும்முச்சு, நல்ல சகுனம்னாரு. பக்கத்து வீட்டுக்காரரு இந்துக்காரரு, திருஷ்டின்னாரு, அவரு பேச்சைக் கேட்டு எலுமிச்சம்பழமும் மிளகாயும் கட்டுனேன். கெட்ட சுழி ஏதாவது பிடரி மயிருக்குள்ள ஒளிஞ்சு கெடக்கான்னு ஆளை வரச்சொல்லி விரலை விட்டுத் தடவிப் பாத்தாச்சு. டாக்டர் வந்து கண்ணு, காது, குளம்பு எல்லாம் பாத்தாரு. குதிரைக்கு ஒண்ணுமில்லைங்க, வண்டியை எப்படி ஓட்டுறீங்கன்னு கேட்டாரு. நான் நல்லாத்தான் ஓட்டுறேன்னேன். அதோட அவரும் பேச்சை விட்டுட்டாரு.

இந்த நேரத்துலதான் மருமக உள்ள நுழையுறா. விண்ணரசின்னு பேரு. நாமக்கல்காரி. அவங்க அப்பாவும் டிரைவருதான், என்ன, முட்டை லாரி. நாமக்கல்ல இருந்து கேரளாவுக்கு முட்டை ஏத்திட்டுப் போவாரு. பிள்ளை அந்த லாரியிலயே வளந்து, ஓட்டவும் கத்துக்கிச்சு. நல்ல பிள்ளைதான், குறை சொல்லக்கூடாது. எதிர்த்து ஒரு வார்த்தை பேசாது. ஆனா அந்த எதிர்த்துப் பேசாத பிள்ளைங்க இருக்கே, அதுங்ககிட்டதான் சாக்கிரதையா இருக்கணும்.

ஒரு நாளு என்கிட்ட வந்து, மாமா, நான் பவளத்துகூட உள்ள நின்னு வரட்டுமாங்குது. எதுக்குத்தாயின்னேன். உள்ள என்ன பண்ணுதுன்னு பாக்குறேன் மாமான்னுச்சு. எப்படியோ அன்னைக்கு இழுத்துப் பிடிச்சு ஏத்துனோம். மருமகளும் பின்னாடி ஏறி நின்னுக்கிச்சு. நான் எப்பவும் போலத்தான் ஓட்டுனேன். சொல்லப்போனா, மருமக இருக்கேன்னு கொஞ்சம் சுறுசுறுப்பாவே ஓட்டுனேன். மேல போயி கதவைத் திறந்தா, குதிரை ஒரு பக்கம் நடுங்குது, இந்தப் பிள்ளை இறங்கி ஓடிப்போயி காபிச் செடிக்குப் பின்னாடி வாந்தி எடுக்குது.

எங்களுக்கு என்ன தோணும்? லூர்துக்குப் போனைப் போட்டேன். அவளுக்கு வாயெல்லாம் பல்லு. அன்னைக்கே மாதாவுக்கு மெழுகுவத்தி கொளுத்தி, தெருவுல நாலு வீட்டுக்குச் சக்கரை குடுத்துட்டா. கீழ வந்ததும் மருமக தலையைக் குனிஞ்சுக்கிட்டு, அதெல்லாம் ஒண்ணுமில்லைங்க அத்தை, டிரெய்லர்ல வந்தது சேரலைன்னுச்சு. குடுத்த சக்கரையைத் திரும்ப வாங்க முடியுமா? பொம்பளைப் பிள்ளைக்கு மலை சேரலைன்னு நான் நினைச்சுக்கிட்டேன். வேற என்ன நினைக்க?

அதுக்கு அடுத்த வாரம் வந்து கேக்குது, மாமா, நான் ஒரு தடவை ஓட்டிப் பாக்கட்டுமான்னு. வாந்தி எடுத்த பிள்ளை.

நான் ஒண்ணும் சொல்லல. சொல்லாம இருந்ததைச் சம்மதம்னு எடுத்துக்கிச்சு போல. கொட்டகை வாசல்ல டிரெய்லரை நிறுத்திவச்சு, கதவைச் சாய்ச்சுப் போட்டு, உள்ள போயி உட்காந்து தட்டுல இட்லியை வச்சுத் தின்னுக்கிட்டு இருக்கும். குதிரையைக் கூப்பிடுறது கூடக் கிடையாது. சும்மா உட்காந்து போன் பாக்கும். வேலையத்த வேலைன்னு நான் பல்லைக் கடிச்சுக்கிட்டுப் போவேன். ஒரு நாளு பாக்குறேன், பவளம் தானா பலகையில ஏறி, உள்ள போயி, அந்தப் பிள்ளை தட்டுல மூக்கை வச்சுக்கிட்டு நிக்கிது. எனக்கு எப்படி இருந்திருக்கும் சொல்லுங்க. நான் கருப்பட்டி குடுத்து வளத்த குதிரை, இட்லிக்குப் போயிருச்சு.

அப்புறம் நம்ம ஊரு ரோட்டுல ஓட்டுச்சு. அப்படி ஒரு ஓட்டு நீங்க பாத்திருக்க மாட்டீங்க. வளைவு அங்க இருந்தா, இங்கயே வேகத்தைக் குறைச்சுரும். திருப்பத்துல ஆளு நடந்து முந்திப் போவான். பிரேக்கு பிடிக்குறதே தெரியாது. முட்டை லாரி புத்தி. கயித்தையும் லூசா விட்டுருது, குதிரை தலையை ஆட்டி ஆட்டி நிதானம் பாத்துக்கணுமாம். கிளம்புறதுக்கு முன்னாடி கொக்கியைப் பாக்குது, சங்கிலியைப் பாக்குது, காத்தைப் பாக்குது, பின்லைட்டைப் பாக்குது. கல்யாணப் பொண்ணை அனுப்புற மாதிரி.

அடடா. மன்னிச்சுக்கங்க தம்பி, மேல சாஞ்சுட்டேன். காசிமாயன் இந்த வளைவை இம்புட்டு வெட்டி ஒடிக்க வேண்டியதில்ல. இல்ல, ஓட்டு சரிதான். நம்ம இடம்தான் சரியில்ல. பின்சக்கரத்துக்கு மேல உட்காந்தா இப்படித்தான் தூக்கிப் போடும். முன்னாடி டிக்கெட்டு கிடைச்சிருந்தா ஒண்ணும் தெரியாது. ஸ்டீயரிங்கு கையில இருந்தா சுத்தமா தெரியாது.

நேத்து சாப்பிடுறப்ப மகன் சொல்றான், அப்பா, இனிமே விண்ணரசியே ஓட்டட்டுமே, மலைக்கும். எனக்குக் கை சோத்துலயே நின்னுருச்சு. அப்ப ஒரு வார்த்தை வந்துச்சு பாருங்க, அது எனக்கே தெரியாம வந்துச்சு. சரி, நாளைக்கு உன் பொண்டாட்டி மலைக்கு ஓட்டட்டும். மேல போயி இறக்குறப்ப பவளத்துக்கு வேர்க்காம இருந்துச்சுன்னா, இந்த ஜென்மத்துல நான் அந்த ஜீப்பைத் தொடமாட்டேன், சாவி அவகிட்டயே இருக்கட்டும். வேர்த்திருந்துச்சுன்னா, இந்த வீட்டுல யாரும் இனிமே என் ஓட்டைப் பத்தி வாயைத் திறக்கக்கூடாது. இதுதான் பேச்சு. லூர்து, ஏங்க பிள்ளைகிட்டப் போயி சவால் விடுறீங்கன்னா. மருமக, சரிங்க மாமான்னு மட்டும் சொல்லுச்சு. காலையில வந்து, நீங்களும் முன்னாடி உட்காந்து வாங்க மாமான்னு கூப்பிட்டுச்சு. மருமக ஓட்ட, நான் பக்கத்துல பொம்மையாட்டம் உட்காந்து போகணுமா? பஸ்ஸு இருக்குதுன்னேன்.

மகன் விடியக்காலையிலயே மேல போயிட்டான், அவன் பொண்டாட்டி பக்கம்தான் பேசுவான். அதனால நானே முன்னாடி போயி நின்னு, இறக்குறப்ப காதுக்குப் பின்னாடி என் கையை வச்சுப் பாக்கணும். அதுக்குத்தான் போறேன்.

என்ன கேட்டீங்க?

ஆமா. வேர்த்திருந்துச்சுன்னா நான் ஜெயிச்சேன். அப்புறம் குதிரை என்னாகும்னு கேக்குறீங்க. யாவாரி வருவான். அது தெரியும் எனக்கு. யோசிக்காம இருப்பேனா. யோசிக்கல தம்பி. உண்மையைச் சொல்றேன், நீங்க கேக்குற வரைக்கும் அதையும் இதையும் சேத்து வச்சு யோசிக்கல. ஸ்டீயரிங்கு என் கையில இருக்கணும், பவளமும் என் கொட்டகையில இருக்கணும். ரெண்டுக்கும் ஆசைப்படுறது தப்பா? சரி விடுங்க. பேசுனா வயித்தைப் பிரட்டுது. யாரோ கருவாட்டுக் கூடை ஏத்தியிருக்காங்க போல, ஒரே வாடை.

தம்பி, தம்பி, அங்க பாருங்க. நம்ம ஜீப்பு. அந்தா, முன்னால. காசிமாயன் ஆரன் அடிக்கிறான், ஒதுங்கி வழி விடுறா பாருங்க. கொஞ்சம் குனிஞ்சுக்கிறேன், என்னைப் பாத்துறப் போறா. நீங்க பாத்துச் சொல்லுங்க. டிரெய்லர் ஜன்னல்ல தெரியுதா? என்ன பண்ணுது? நல்லாப் பாத்தீங்களா? வைக்கோல் தின்னுதா?

தின்னுதா.

என் வண்டியில ஒரு வாய் வச்சதில்ல. காது எப்படி இருக்குன்னு பாத்தீங்களா? தொங்கப் போட்டுருக்கா? ம். காதைத் தொங்கப் போட்டுக்கிட்டுத் தின்னுச்சுன்னா அது வீட்டுல நிக்கிற மாதிரி நிக்கிதுன்னு அர்த்தம். திமிரு. எல்லாம் திமிரு. ஆனா, தின்னுட்டுப் போகுது. பசிச்சிருக்கும்.

எலுமிச்சம்பழத்தை எங்க வச்சேன். சட்டைப் பையிலதான்... எடுத்துக் குடுங்க, எனக்குக் கையை விட முடியல, விட்டா விழுந்துருவேன். இந்தப் பய ஏன் இப்படி மிதிக்கிறான்? எவனும் குறுக்க வரலையே. முந்துறான், மிதிக்கிறான், முந்துறான், மிதிக்கிறான். எத்தனை தடவைடா மிதிப்ப. டேய் காசிமாயா. காதுல விழாது அவனுக்கு. முன்னாடி உட்காந்தவனுக்குப் பின்னாடி கத்துறது எங்க கேக்கும்.

இந்த ஜன்னலை முழுசாத் திறந்து விடுங்க தம்பி, காத்து வரட்டும்.

டீக்கடை வந்துருச்சா? இறங்கணும். வழி விடுங்க, சீக்கிரம்.

...

பாத்துட்டீங்கள்ல. நல்லாப் போச்சு. உங்க தண்ணியையும் காலி பண்ணிட்டேன். இந்தப் பாலத்துக் கட்டையில கொஞ்சம் உட்காந்துக்கிறேன். நீங்க ஏன் என்னைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறீங்க, போயி டீயைக் குடிங்க. எனக்கு இப்ப தரை நிக்கிது. அது போதும்.

விசில் ஊதிட்டாரு கண்டக்டரு. போங்க, போங்க. நானா? வர்றேன். வர்றேன்னு சொல்லுங்க.

இல்லைங்க கண்டக்டரய்யா, உடம்புக்கு ஒண்ணுமில்ல. ஏறிக்கிறேன். கையைப் பிடிச்சு இழுக்காதீங்க. இந்தா, ஏறப் போறேன். படியில காலை வச்சுட்டேன் பாருங்க... இல்ல. இருங்க. இன்னொரு தடவை. வைக்கிறேன், காலு தானா இறங்கிருது. பின்னாடி இருந்து யாரு தள்ளுறது? காசிமாயா, நீயாடா? வேணாம்டா. முன் சீட்டு தர்றியா? அண்ணே அண்ணேன்னு கெஞ்சாதடா, ஏறக்கூடாதுன்னு வைராக்கியம் இல்ல, முடியல. டீக்கடைக்காரரு வேற கடலை மிட்டாயை எடுத்துட்டு வர்றாரு. வேணாங்க. எனக்கு எதைக் காட்டுனாலும் இன்னைக்கு இந்த வண்டியில ஏற முடியாது. நீ எடுத்துட்டுப் போடா. நல்லாத்தான் ஓட்டுற. நான் சொல்லிக் குடுத்ததுதானே.

தம்பி, இங்க வாங்க. பஸ்ஸு கிளம்புறதுக்குள்ள ஒண்ணு. உங்க கையை இப்படிக் குடுங்க. இங்க வச்சுப் பாருங்க, என் காதுக்குப் பின்னாடி. நனைஞ்சிருக்கா?

ம்.

நான் ஓடியா வந்தேன். உட்காந்துக்கிட்டுத்தானே வந்தேன்.

போங்க தம்பி, ஊதுறாரு. என்னைப் பத்திக் கவலைப்படாதீங்க. அந்தப் பிள்ளை பின்னாடி வந்துக்கிட்டுத்தான் இருக்கு. நேரமாகும், ஆகட்டும். இங்கயே உட்காந்திருக்கேன். கை காட்டுனா நிறுத்தும். முன்னாடி உட்காரச் சொல்லும். நான் பவளத்துகூடப் பின்னாடி நின்னுக்கிறேன், எனக்கு அதுகிட்டக் கொஞ்சம் பேசணும்.

மேல பஸ்ஸு நிக்கிற இடத்துல என் மகன் நிப்பான். தாடி வச்சுக்கிட்டு, குதிரைக்காரன் தொப்பி போட்டுருப்பான், பாத்தாலே தெரியும். அவன்கிட்டச் சொல்லுங்க. குதிரைக்கு வேர்த்திருக்கான்னு யாரும் தொட்டுப் பாக்க வேண்டாம், சாவி விண்ணரசிகிட்டயே இருக்கட்டும், அப்பா சொல்லிவிட்டாருன்னு சொல்லுங்க. ஏன்னு கேட்டான்னா, அப்பாவுக்குப் பித்தம்னு சொல்லிருங்க.